வளர்த்த கையும் வரைந்த கையும்

யப்பானில் மங்கா என்று வழங்கும் சித்திரக்கதைகள் சிறுவர்க்கு மட்டும் உரியன அல்ல. சிறுமியர், மாணவர், அலுவலகம் செல்வோர், இல்லத்தரசியர் என ஒவ்வொரு வகையினர்க்கும் தனித்தனிச் சஞ்சிகைகள் அங்கே வெளிவருகின்றன. அவற்றுள் வயதுவந்த பெண்களுக்கென நடத்தப்பெற்ற ஒன்றில், 2005ஆம் ஆண்டு ஒரு தொடர்கதை ஆரம்பமாயிற்று. உனித்தா யூமி என்னும் பெண் ஓவியர் எழுதி வரைந்த அக்கதையின் பெயர் 'உசாகி டொரொப்பு'. உசாகி என்பது முயலைக் குறிக்கும் யப்பானியச் சொல்.

கதை ஒரு சாவீட்டில் தொடங்குகின்றது. பாட்டனாரின் இறுதிச் சடங்குக்கு வந்த தைகிச்சி என்னும் முப்பது வயது இளைஞன், அங்கே ஆறு வயதுச் சிறுமி ஒருத்தியைக் காண்கின்றான். அவள் பெயர் ரின். பாட்டனார் தம் முதுமையில் மணவுறவுக்குப் புறம்பாகப் பெற்ற மகள் அவள் என்று உறவினர் பேசிக்கொள்கின்றனர். குடும்பத்துக்கு இழுக்கு எனக் கருதிய அவர்கள், அவளை யார் பொறுப்பில் விடுவது, எந்த இல்லத்தில் சேர்ப்பது என்று அவள் காதுபடவே வாதிடுகின்றனர். அதைப் பொறுக்கமாட்டாத தைகிச்சி, தன்னோடு வரச் சம்மதமா என்று அச்சிறுமியையே கேட்டு, அவளைத் தன் வீட்டுக்கு அழைத்துச் செல்கின்றான்.

மணமாகாத அவ்விளைஞன் பிள்ளை வளர்க்கும் கலையைப் படிப்படியாகக் கற்கின்றான். பகலில் குழந்தையைப் பராமரிக்கும் நிலையம் தேடி அலைகின்றான். மாலையில் நேரத்தோடு வீடு திரும்புவதற்காக, மேலதிக நேர வேலையில்லாத வேறு பகுதிக்கு மாற்றம் பெறுகின்றான். வேலையையும் பிள்ளையையும் ஒருங்கே சுமக்கும் தாய் தந்தையர் பலர், தம் சொந்த வாழ்வையே அதிற் கண்டு மகிழ்ந்தனர்.

நாலாம் தொகுதி முடிந்ததும் கதை பத்து ஆண்டுகளைத் தாண்டிச் செல்கின்றது. ரின் பதினாறு வயது மாணவியாகின்றாள். தன்னை வளர்த்தவன் மீதே தன் மனம் சென்றிருப்பதை அவள் உணர்கின்றாள். பாட்டனார் உண்மையில் அவளைப் பெற்றவர் அல்லர் என்பதும், எனவே தைகிச்சிக்கும் அவளுக்கும் இரத்த உறவு இல்லை என்பதும் பின்னர் வெளிப்படுகின்றன. பாடசாலைக் கல்வி முடியும்வரை பொறுத்திருக்குமாறு தைகிச்சி கூற, இருவரும் கணவன் மனைவியாக இணையும் முடிவை நோக்கிக் கதை செல்கின்றது. 2011ஆம் ஆண்டு அம்முடிவு வெளிவந்தது. தந்தையும் மகளுமாகத் தாம் நேசித்த இருவர் மணமக்களாவதைக் கண்ட வாசகர் பலர் திகைத்தனர். அதே ஆண்டில் அக்கதையைத் தழுவித் தொலைக்காட்சிச் சித்திரத் தொடர் ஒன்றும், திரைப்படம் ஒன்றும் வெளிவந்தன. இரண்டும் ரின்னின் குழந்தைப் பருவத்தோடு முடிந்தன.

வாசகரின் இந்த மனவுறுத்தலுக்குக் காரணம் கூறுவோர் பெரும்பாலும் இரு வகையினர். பிற நாட்டார் தம் ஒழுக்க அளவுகோலால் யப்பானியக் கதையை அளக்கின்றனர் என்பர் ஒரு சாரார். பண்டைக் காலத்தில் எவரும் இதைப் பிழையாகக் கருதவில்லை, இது நவீன காலத்தார் கொண்ட புதுக் கூச்சம் என்பர் மற்றொரு சாரார். யப்பானிய இலக்கிய வரலாறு இவ்விரு கூற்றுக்கும் இடந்தரவில்லை. அந்த உறுத்தல் அந்நாட்டு மண்ணிலேயே முளைத்தது; ஏறத்தாழ ஆயிரம் ஆண்டு வயதுடையது.

11ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், இன்று கியோத்தோ என வழங்கும் தலைநகரில், ஷோஷி என்னும் பேரரசியின் அவையைச் சேர்ந்த பெண்டிருள் ஒருவராக விளங்கியவர் முரசாகி ஷிகிபு. 54 அத்தியாயங்கள் கொண்ட 'கென்ஜி மொனொகத்தாரி', அதாவது கென்ஜியின் கதை, அவர் இயற்றியது. உலகின் முதல் நாவல் என்று பலரும் போற்றும் நூல் அது. பேரரசர் ஒருவரின் மகனாகப் பிறந்து, அழகாலும் கலைகளாலும் ஒளிவீசிய கென்ஜி என்பவனே அதன் தலைவன்.

பதினெட்டு வயதில் கென்ஜி காய்ச்சலுற்று, வைத்தியம் நாடி வடமலைத் துறவி ஒருவரிடம் செல்கின்றான். அந்தி வேளையில் ஒரு வேலியின் இடுக்கு வழியே அயல்வீட்டை நோக்குகின்றான். அங்கே ஒரு முதிய பெண்துறவி அமர்ந்திருக்கின்றாள். ஏறத்தாழப் பத்து வயதுச் சிறுமி ஒருத்தி அழுது சிவந்த முகத்தோடு அவளிடம் ஓடி வருகின்றாள். கூடையின் கீழ் அடைத்து வைத்திருந்த சிட்டுக்குருவியை விளையாட்டுத் தோழி பறக்கவிட்டுவிட்டாள் என்பது அவள் முறைப்பாடு. உயிர்களை அடைத்து வைப்பது பாவம் என்று எத்தனை முறை சொல்லியிருக்கின்றேன் எனப் பாட்டி பேர்த்தியை அன்போடு கடிகின்றாள்.

கென்ஜி தன் உள்ளத்தில் மறைத்து வைத்திருந்த காதல் ஒன்று உண்டு. தன் தந்தையின் தேவியருள் ஒருவரான புஜித்சுபோ என்பவர் மீது அவன் கொண்ட அடங்காத வேட்கையே அது. அச்சிறுமியோ அப்பெருமாட்டியின் சகோதரன் மகள், முகச்சாயலும் அதுவே. அவளைத் தன் பொறுப்பில் தருமாறு கென்ஜி வேண்டுகின்றான். குழந்தை இன்னும் மிகச் சிறியவள் என்று பாட்டி மறுக்கின்றாள். சில காலத்தில் பாட்டி இறந்துவிடுகின்றாள். தந்தை வந்து சிறுமியை அழைத்துச் செல்ல இருந்த நாளுக்கு முன்பே, விடியுமுன் வண்டியோடு வந்த கென்ஜி அவளைத் தன் மாளிகைக்குக் கொண்டு சென்றுவிடுகின்றான். செவிலித்தாய் செய்வதறியாது உடன் செல்கின்றாள்.

அம்மாளிகையில் கென்ஜி அவளுக்கு எழுதக் கற்பிக்கின்றான். கொத்தோ யாழ் மீட்டக் கற்பிக்கின்றான். பொம்மை வைத்து விளையாடுகின்றான். தாயும் பாட்டியும் இல்லாத சிறுமி அவனையே தந்தைபோல் நம்புகின்றாள். நாலு ஆண்டுகள் செல்கின்றன. தந்தையாக இருந்தவன் ஓர் இரவில் கணவனாகிவிடுகின்றான்.

அடுத்த நாட் காலையை அப்பெண் ஆசிரியர் எவ்வாறு காட்டினார் என்பது ஊன்றி நோக்கத்தக்கது. கென்ஜி எழுந்துவிடுகின்றான், அவள் எழவில்லை. போர்வையைத் தலைவரை இழுத்து மூடிக்கொண்டு கிடக்கின்றாள். அவன் வைத்துச் சென்ற கவிதைக்கு அவள் மறுமொழி எழுதவில்லை. இப்படி ஓர் எண்ணம் உள்ளவனையா இத்தனை நாளும் ஐயமின்றி நம்பியிருந்தேன் என்று அவள் மனம் புழுங்குகின்றது. மாளிகையிலுள்ள பணியாளருக்கு அது மணவிழா. அவளுக்கோ நம்பிக்கை முறிந்த நாள்.

அக்கால வழக்குப்படி கென்ஜி செய்தது குற்றமாகாது. 8ஆம் நூற்றாண்டில் எழுந்த யோரோ சட்டத்தொகுதி, ஆண்களுக்கு 15 வயதையும் பெண்களுக்கு 13 வயதையும் மணவயதாக வகுத்திருந்தது. நூலாசிரியர் முரசாகி ஷிகிபுவே தம் தந்தையின் வயதை ஒத்த உறவினர் ஒருவரை மணந்து, 1001ஆம் ஆண்டில் அவரை இழந்தவர். வழக்கம் ஏற்றுக்கொண்டது என்பது ஒன்று. பாதிக்கப்பட்டவள் மனம் ஏற்றுக்கொண்டதா என்பது வேறொன்று. இவ்வேறுபாட்டை அவர் அறிந்திருந்தார். அறிந்தமையாலேயே அந்தக் காலைப்பொழுதை அவர் கடந்து செல்லாமல் எழுதி வைத்தார்.

இதனோடு அவர் நின்றுவிடவுமில்லை. கதையின் பிற்பகுதியில், கென்ஜி நாற்பது வயதை அடையும் வேளையில், துறவு பூண விழைந்த முன்னாட் பேரரசர் தம் மூன்றாம் மகளை எவர் பொறுப்பில் விடுவது என்று கவலைப்படுகின்றார். அவளுக்குப் பதின்மூன்று பதினான்கு வயது இருக்கும். கென்ஜி ஒரு சிறுமியை வளர்த்து மனைவியாக்கிக்கொண்ட பழைய செய்தி அப்போது முன்மாதிரியாக எடுத்துப் பேசப்படுகின்றது. கென்ஜி அவளையும் மணக்கின்றான். முடிவு துன்பமே. இளவரசி வேறோர் இளைஞனின் வலையில் வீழ்ந்து, பழியஞ்சி, இளமையிலேயே தலைமயிர் களைந்து துறவியாகின்றாள். முன்னர் சிறுமியாய் வந்து இப்போது மாளிகைத் தலைவியாய் இருக்கும் பெண்ணோ நோயுற்று, தனக்கும் துறவு வேண்டுமென்று இரக்கின்றாள். கென்ஜி இசையவில்லை. அந்த விருப்பம் நிறைவேறாமலே அவள் இறக்கின்றாள். முதன்முறை வெற்றிபோல் தோன்றிய செயலை மறுமுறையும் நிகழவிட்டு, அதன் விலை யாது என்று ஆசிரியர் கணக்குக் காட்டியுள்ளார்.

இக்கதையைப் படித்த பழைய வாசகர் என்ன எண்ணினர்? இதற்கும் சான்று உண்டு. 1200ஆம் ஆண்டையொட்டி எழுந்த 'முமியோசோஷி' என்னும் நூல், பெயரற்ற ஏடு எனப் பொருள்படும். கதைகளைப் பற்றி யப்பானில் எழுந்த மிகப் பழைய திறனாய்வு நூல்களுள் அது ஒன்று. பெண் ஒருவர் இயற்றியது என்பது பெரும்பாலான அறிஞர் கருத்து. எண்பத்துமூன்று வயதுப் பெண்துறவி ஒருத்தி வழியில் ஒரு வீட்டில் இரவு தங்குகின்றாள். அங்குள்ள பெண்டிர் உறங்காமல் தாம் படித்த கதைகளைப் பற்றி உரையாடுகின்றனர், துறவி செவிமடுக்கின்றாள். இதுவே அந்நூலின் அமைப்பு.

கென்ஜியின் குறைகளை அப்பெண்கள் ஒவ்வொன்றாக அடுக்குகின்றனர். முதிர்ந்த வயதில் மூன்றாம் இளவரசியை மணந்துகொண்டு, தன்னை இளைஞனாகப் பாவித்து நடந்தது அவனுக்குப் பொருந்தாத செயல் என்பது அவற்றுள் ஒன்று. அவள்பால் மனம் வைத்த இளைஞனைத் தன் பார்வையாலேயே வாட்டி இறக்கச் செய்தது மற்றொன்று. அக்கதையைத் தம் உயிராக நேசித்த பெண்களே அதன் தலைவனை இவ்வாறு குறை கூறினர். கதை பிடித்திருந்தமையால் அவர்கள் உறுத்தலை மறைக்கவில்லை. உறுத்தியமையால் கதையைத் தூக்கி எறியவுமில்லை. நல்ல வாசகர்க்கு இலக்கணமாக வைத்து எண்ணத்தக்கது அந்த இரவின் உரையாடல்.

பிற்காலத்தார் இத்தகைய நடுநிலையில் நிற்கவில்லை. பொய்க்கதை எழுதி மக்கள் மனத்தை மயக்கிய பாவத்தால் முரசாகி ஷிகிபு நரகத்தில் வீழ்ந்தார் என்று இடைக்காலத்தில் ஒரு கதை பரவிற்று. அவர் ஆன்மா உய்வதற்கென வழிபாடுகளும் நடத்தப்பெற்றன. தொக்குகாவா ஆட்சிக்காலத்தில் கன்பூசிய நெறிநின்ற அறிஞர் பலர், பெண்கள் படிக்கத்தகாத நூல் என்று அதனை ஒதுக்கினர். இதற்கு மறுப்பாக எழுந்தவர் 18ஆம் நூற்றாண்டுப் பேரறிஞர் மொத்தோரி நோரினாகா. நன்மை தீமை கற்பிப்பது கதையின் பணி அன்று. உலகப் பொருள்களின் துயரம் தோய்ந்த அழகை உள்ளம் நெகிழ்ந்து உணரச்செய்வதே அதன் பணி என்று அவர் வாதித்தார். நூலைக் காத்த வாதம் அது. எனினும், உள்ளம் நெகிழ்பவன் கென்ஜிக்காக மட்டும் நெகிழ வேண்டும் என்பதில்லையே. போர்வைக்குள் முகம் மறைத்துக் கிடந்த சிறுமிக்காக நெகிழ்வதும் அந்த உணர்வின்பாற்பட்டதே.

19ஆம் நூற்றாண்டின் இறுதியில் யப்பான் நவீன அரசாயிற்று. 1898ஆம் ஆண்டின் குடியியற் சட்டம் ஆணின் மணவயதை 17 என்றும் பெண்ணின் மணவயதை 15 என்றும் வகுத்தது. பெண்கள் பாடசாலைகளுக்குச் சென்றனர். சிறுமியர்க்கென்றே சஞ்சிகைகள் தோன்றின. அச்சிறுமியர் விரும்பிப் படித்த மேல்நாட்டு நூல்களுள் ஒன்று, அமெரிக்கப் பெண் எழுத்தாளர் ஜீன் வெப்ஸ்டர் 1912ஆம் ஆண்டில் வெளியிட்ட நாவல். அநாதை இல்லத்தில் வளர்ந்த பெண் ஒருத்தியைப் பெயர் சொல்லாத செல்வர் ஒருவர் கல்லூரியிற் படிக்கவைக்கின்றார். அவர் முகம் அறியாத அவள் அவருக்குக் கடிதம் எழுதிக்கொண்டே இருக்கின்றாள். இறுதியில், தன்னைவிடப் பதினான்கு வயது மூத்த தன் காதலரும் அந்த உபகாரியும் ஒருவரே என அறிகின்றாள்.

யப்பானிய மொழியில் இந்நூல் 'அஷினகா ஓஜிசான்' என்று பெயர் பெற்றது. நெடுங்கால் மாமா என்பது அதன் பொருள். அப்பெயர் அந்நாட்டார் வாழ்வில் ஆழப் பதிந்தது. தாய் தந்தையரை இழந்த பிள்ளைகளின் கல்விக்கு உதவும் புகழ்பெற்ற நிறுவனம் ஒன்று 1993ஆம் ஆண்டு முதல் அஷினகா என்னும் பெயரையே தாங்கி நிற்கின்றது. கைம்மாறு கருதாது ஈபவர் என்பது அங்கே அச்சொல்லின் பொருள். ஆயின் மூலக்கதையில் அந்த ஈகை திருமணத்தில் முடிகின்றது. உபகாரி என்ற முகமும் மணமகன் என்ற முகமும் ஒரே பெயரில் அடங்கியிருக்கும் விந்தை இது.

சிறுமியர் சித்திரக்கதைகளில் இந்த இருமுகம் பலவாறு தோன்றிற்று. 1975 முதல் 1979 வரை 'நக்கயோஷி' சஞ்சிகையில் வந்து பெரும்புகழ் பெற்ற 'கண்டி கண்டி' என்னும் கதையை மிசுகி கியோகோ எழுத, இகராஷி யுமிகோ வரைந்தார். அநாதைச் சிறுமி கண்டியைத் தத்தெடுத்த முகமறியாப் பெரியவர், அவளுக்கு அவ்வப்போது துணைநின்ற இளைஞனே என்பது இறுதியில் வெளிப்படுகின்றது. ஆனால் அச்சித்திரக்கதை இருவரையும் மணவறைக்கு அழைத்துச் செல்லவில்லை. வாசகியரின் கனவுக்கு ஒரு வாயிலைத் திறந்துவிட்டு அங்கேயே நின்றுகொண்டது.

1979ஆம் ஆண்டு யமாதோ வகி என்னும் பெண் ஓவியர் பழைய கென்ஜி கதையையே சித்திரக்கதையாக்கத் தொடங்கினார். 'அசாகி யுமே மிஷி' என்னும் அத்தொடர் 1993ஆம் ஆண்டில் நிறைவெய்திற்று. கோடிக்கு மேற்பட்ட பிரதிகள் விற்பனையாகின. பழைய நடை விளங்காத மாணவர், பல்கலைக்கழக நுழைவுத் தேர்வுக்கு ஆயத்தமாகுங்கால் அதனைத் துணைநூலாகக் கொள்வதும் வழக்கமாயிற்று. இதனால் ஆயிரம் ஆண்டுப் பழைய உறுத்தல் புதிய தலைமுறையின் கைக்கு வந்து சேர்ந்தது. எழுத்திற் படிக்கும்போது ஒருவன் கதைமாந்தரின் வயதைத் தன் மனத்துக்கு இசைந்தவாறு கூட்டிக்கொள்ளலாம். சித்திரத்தில் அதற்கு வழியில்லை. ஆடவனின் தோளும் குழந்தையின் உயரமும் ஒரே கட்டத்துள் கண்ணெதிரே நிற்கும். சிறுமியை வளர்த்து மனைவியாக்கிக்கொள்ளும் எண்ணத்தைக் 'கென்ஜியின் திட்டம்' என்று யப்பானியர் அரைவிளையாட்டாகவும் அரைக்கண்டனமாகவும் கூறும் மரபும் உண்டு. 'உசாகி டொரொப்பு' என்னும் கதையின் முடிவைக் கண்டோர் பலருக்கு நினைவில் எழுந்ததும் அச்சொல்லே.

சித்திரக்கதைகளால் இளையோர் கெடுவர் என்ற அச்சம் யப்பானில் பலமுறை பொதுக் கிளர்ச்சியாக வெளிப்பட்டது. 1955ஆம் ஆண்டளவில் தாய்மார் சங்கங்களும் பெற்றோர் ஆசிரியர் சங்கங்களும் தீய நூல்களை ஒழிக்கும் இயக்கம் நடத்தின. சில இடங்களில் சித்திரக்கதைகள் எரிக்கவும் பட்டன. பிற்காலத்தில் சித்திரக்கதை வேந்தர் எனப் போற்றப்பட்ட தெசுக்கா ஒசாமுவின் ஆக்கங்களும் அன்று கண்டனத்துக்குத் தப்பவில்லை. 1990ஆம் ஆண்டு வக்கயாமா மாவட்டத்துத் தனபே நகரில் தாய்மார் தொடங்கிய முறைப்பாடு நாடெங்கும் பரவிற்று.

2010ஆம் ஆண்டில் தோக்கியோப் பெருநகர அரசு, பதினெட்டு வயதுக்கு உட்பட்டோராகத் தோன்றும் கற்பனை மாந்தரைக் காமப்பொருளாக்கும் சித்திரங்களின் விற்பனையைக் கட்டுப்படுத்த முனைந்தது. கற்பனை மாந்தர்க்கு வயது கணிப்பது எவ்வாறு என்ற கேள்வி எழுந்தது. சிபா தெத்சுயா, சத்தோனாகா மச்சிகோ முதலிய மூத்த ஓவியர்கள் வெளிப்படையாக எதிர்த்தனர். யூன் மாதத்தில் அப்பிரேரணை தோல்வியுற்றது. மார்கழியில் வேறு வடிவில் நிறைவேறிற்று. குற்றச் செயல்களையும், மணக்கத்தகாத நெருங்கிய உறவினரிடை நிகழும் உறவையும் முறையின்றிப் புகழ்ந்து காட்டும் நூல்களை இளையோர்க்கு விற்கலாகாது என்பது அவ்வடிவம்.

வாசகரின் உறுத்தலும் சட்டத்தின் தடையும் ஒன்றல்ல. தடை, ஒரு நூல் எவ்விடத்தில் விற்கப்படலாம் என்று சொல்லும். அந்த நூலில் எது பிழைத்தது என்பதை வாசகனே சொல்லவேண்டும். 'உசாகி டொரொப்பு' என்னும் கதையிற் காமக் காட்சி எதுவுமில்லை. எந்தத் தடைச் சட்டமும் அதைத் தீண்டாது. ஆயினும் உறுத்திற்று. ஏன்?

இதற்கு விடை காண்பதற்கு யப்பானியக் குடியியற் சட்டத்தின் 736ஆம் பிரிவு துணைசெய்கின்றது. தத்தெடுத்தவரும் தத்துப்பிள்ளையும் ஒருவரையொருவர் மணத்தல் ஆகாது. தத்துறவு சட்டப்படி நீங்கிய பின்னரும் ஆகாது என்பது அப்பிரிவின் கருத்து. அவர்களிடையே இரத்த உறவு இல்லை என்பதைச் சட்டம் அறியும். அறிந்தும் தடுக்கின்றது. பெற்றமையால் மட்டும் ஒருவன் தந்தையாவதில்லை, வளர்த்தமையாலும் தந்தையாகின்றான் என்னும் உண்மை அதில் அடங்கியுள்ளது. தைகிச்சி ரின்னைச் சட்டப்படி தத்தெடுக்கவில்லை. அவள் பழைய குடும்பப் பெயரையே வைத்துக்கொள்கின்றாள். அவள் இரத்த உறவினள் அல்லள் என்று கதை பின்னர் அறிவிக்கின்றது. எழுத்தளவில் எல்லாத் தடைகளும் நீங்கிவிட்டன. ஆனால் இரவில் காய்ச்சல் கண்ட பிள்ளையின் அருகே விழித்திருந்தவனை, பாடசாலை விழாவில் அவளைத் தேடி நின்றவனை, வாசகர் ஏற்கெனவே தந்தையாக ஏற்றுவிட்டனர். அந்த ஏற்பை ஒரு பிறப்புச் சான்றால் நீக்கிவிட முடியவில்லை.

அம்முடிவை ஆதரித்தோரும் உண்டு. தைகிச்சி கென்ஜியைப் போன்றவன் அல்லன், அவன் மனத்தில் எத்திட்டமும் இருந்ததில்லை, விரும்பியவள் ரின், தேர்ந்தவளும் அவளே என்பது அவர்தம் வாதம். இதைப் புறக்கணித்தல் நியாயமன்று. பெண் தன் விருப்பத்தைத் தானே சொல்வது கென்ஜி கதையில் இல்லாத ஒன்று. எனினும் ஒரு கேள்வி எஞ்சுகின்றது. ஆறு வயதில் போக்கிடமற்று நின்ற ஒரு பிள்ளைக்கு உலகம் முழுவதும் ஒரே மனிதனாக அமைந்துவிட்ட பின், அவள் மனத்தில் எழுவது காதலா, நன்றிக்கடனா, மீண்டும் தனித்துவிடப்படுவோமோ என்ற அச்சமா? அவளாலேயே பிரித்தறியக் கூடுமா? வேண்டாம் என்று சொல்லும் வாய்ப்பு உள்ளவர் சொல்லும் ஆம் என்னும் சொல்லுக்கே பெறுமதி உண்டு. வாசகரைத் தடுத்து நிறுத்தியது இருவரிடையே கிடந்த இருபத்துநாலு ஆண்டு மட்டுமன்று. அவர்களிடையே கிடந்த கடனே ஆகும்.

இவ்வேறுபாட்டை உணர்ந்து நடந்த ஆக்கங்களும் உள. 1996 முதல் 2000 வரை வெளிவந்த 'கார்ட்கப்டர் சகுரா' என்னும் சிறுமியர் சித்திரக்கதையில், பத்து வயது மாணவி ஒருத்திக்கும் அவள் வகுப்பாசிரியருக்கும் இடையே அன்பு அரும்புவதாகவும், ஆசிரியர் அவளுக்கு மோதிரம் அளிப்பதாகவும் ஒரு கிளைக்கதை இனிமையாகவே வரையப்பட்டிருந்தது. அதையே 1998 முதல் தொலைக்காட்சிச் சித்திரமாக ஒளிபரப்பியபோது, மாணவி தன் ஆசிரியர்பால் கொள்ளும் வியப்பு என்ற அளவில் அது சுருக்கப்பட்டது. சிறுமியின் மனத்தில் எழும் மயக்கம் இயல்பானது. அதற்கு மறுமொழி கூறாது பாடம் கற்பித்துச் செல்வதே ஆசிரியர் கடமை. தொலைக்காட்சி வடிவம் அக்கோட்டைக் கடவாது நின்றது.

இதனினும் தெளிவாகப் பேசிய கதை, மயுசுகி ஜுன் என்னும் பெண் ஓவியர் 2014 முதல் 2018 வரை வரைந்தது. காதல் மழை ஓய்ந்த பொழுதைப் போன்றது என்பது அதன் தலைப்பின் பொருள். பதினேழு வயது மாணவி அக்கிரா சிறந்த ஓட்ட வீராங்கனை. குதிகால் நரம்பு அறுந்து ஓட்டத்தைக் கைவிட்ட அவள், ஓர் உணவகத்தில் பகுதிநேர வேலைக்குச் சேர்கின்றாள். அங்கே முகாமையாளராக உள்ள கொண்டோ நாற்பத்தைந்து வயதினர், மணமுறிவுற்றவர், ஒரு மகனுக்குத் தந்தை, எழுத்தாளராகும் கனவைத் தொலைத்தவர். அக்கிரா தன் காதலை அவரிடம் வெளிப்படையாகச் சொல்கின்றாள். இக்கதை தொடங்கியபோது ஐயத்தோடு நோக்கியோர் பலர். ஆனால் அவள் அன்பைக் கொண்டோ தமக்குரிய இலாபமாகக் கொள்ளவில்லை. அவள் தன்னிடம் தேடுவது ஓட்டத்தை இழந்த துயரத்துக்கு ஓர் ஒதுங்கிடம் என்பதை அவர் மெல்ல உணர்கின்றார். இறுதியில் அவள் ஓட்டத்துக்கு மீள்கின்றாள். அவர் எழுத்துக்கு மீள்கின்றார். இணைய வேண்டும் என்று விரும்பிய வாசகர் ஏமாற்றமுற்றனர். எனினும், வயது மூத்தோர் இளையோர்க்குக் கொடுக்கக்கூடிய உயர்ந்த கொடை அவரைத் தம்மிடமிருந்து விடுவிப்பதே என்று அக்கதை காட்டிற்று. 2018ஆம் ஆண்டில் அதற்கு ஷொகக்குகன் பதிப்பகத்தின் மங்காப் பரிசும் கிடைத்தது.

சட்டமும் தன் வழியிற் சிறிது சிறிதாக நகர்ந்தது. போருக்குப் பின் திருத்தப்பெற்று 1948ஆம் ஆண்டில் நடைமுறைக்கு வந்த குடியியற் சட்டம் மணவயதை ஆணுக்கு 18, பெண்ணுக்கு 16 என்று உயர்த்திற்று. பெண் மட்டும் ஈராண்டு முன்னதாக மணக்கலாம் என்ற அவ்வேறுபாடு எழுபத்துநாலு ஆண்டு நிலைத்து, 2022ஆம் ஆண்டு சித்திரை முதலாம் நாள் நீங்கிற்று. இருபாலார்க்கும் 18 என்பதே இன்றைய விதி. பாலுறவுக்குச் சம்மதம் அளிக்கக்கூடிய வயதாக 1907ஆம் ஆண்டின் தண்டனைச் சட்டம் வகுத்திருந்தது 13. அது 2023ஆம் ஆண்டில் 16 ஆக உயர்த்தப்பட்டது. பருவம் எய்தியவள் பெண். பெண் ஆனவள் மணத்துக்கு உரியவள் என்ற பழங்கணக்கு, ஏடுகளிலிருந்து இவ்வாறு மெல்ல மெல்ல அழிக்கப்படுகின்றது.

ஆனால் சட்டங்கள் எழுதப்படுவதற்கு நெடுங்காலம் முன்னரே அக்கணக்கில் பிழை கண்டவர்கள் இருந்தனர். தம் கதையின் தலைவனை உலகமே வியக்கும்வண்ணம் புனைந்த ஒரு பெண், போர்வைக்குள் அழுத சிறுமியை மறந்துவிடவில்லை. இருநூறு ஆண்டு கழித்து, ஓர் இரவு முழுதும் கண் துஞ்சாது கதை பேசிய பெண்கள், அத்தலைவனின் முதுமைக்காலத் திருமணத்தைப் பொருந்தாச் செயல் என்று கூறத் தயங்கவில்லை. 2011ஆம் ஆண்டில் ரின்னின் கதையைப் படித்து, புத்தகத்தை மூடி வைத்து வருந்திய வாசகர், அப்பெண்களின் வழிவந்தோரே ஆவர்.

கூடையின் கீழ் அடைபட்ட சிட்டுக்குருவிக்காக அழுத பேர்த்தியைப் பார்த்து, உயிரை அடைத்து வைத்தல் பாவம் என்று அந்த மலைவீட்டுப் பாட்டி சொன்னாள். அன்போடு இரை ஊட்டி வளர்த்தாலும் கூடை கூடையே. வேலிக்கு அப்பால் நின்று நோக்கிய கென்ஜியின் கண்ணில் பட்டது சிறுமியின் அழகு மட்டுமே. பாட்டியின் சொல் அவன் நெஞ்சில் தங்கவில்லை. ஆயிரம் ஆண்டுகளாக அக்கதையைப் படித்துவரும் வாசகருள் பலர் நெஞ்சில் அது தங்கியிருக்கின்றது.